ஊசி போட்ட ஓட்டை எங்கே போகும்?

கேள்வி: ஒரு மாயக்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். நாயகி தையற்காரி. அவள் ஊசி எடுத்தால் காலம் மாறும். நேற்றை இன்றோடு இணைப்பாள், ஒரு மணி நேரத்தை மடித்து மறைப்பாள். பத்து அத்தியாயங்களைப் படித்த என் தம்பி, "இவ்வளவு செய்கிறவள் அவள் அம்மாவின் சாவை மட்டும் ஏன் பிரித்துத் தைக்கவில்லை?" என்று கேட்டுவிட்டான். அன்றோடு எழுத்து நின்றுபோனது. இந்த வித்தைக்கு 23 விதிகள் எழுதி இணைத்திருக்கிறேன். எதுவும் கதையில் ஒட்டவில்லை. என்ன செய்யலாம்?
(பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட வாசகி)

பதில்: 23 விதிகளையும் படித்தேன். பௌர்ணமி அன்று மட்டும் தைக்கலாம், ஒரு நாளில் மூன்று முறைக்கு மேல் கூடாது, அழுதுகொண்டே தைத்தால் பலிக்காது... அலுவலகச் சுற்றறிக்கை மாதிரி இருக்கிறது, மன்னிக்கவும். உங்கள் நாயகி கையில் ஊசிக்குப் பதில் கரண்டியைக் கொடுத்தாலும் இதே விதிகள் பொருந்தும். கோளாறு அங்கேதான். ஊசி, நூல், துணி மூன்றும் ஏற்கெனவே போட்டு வைத்திருக்கிற விதிகள் இருக்கும்போது நீங்கள் எதற்குப் புதிதாகப் போட வேண்டும்?

எழுதுவதைக் கொஞ்சம் ஓரமாக வையுங்கள். ஒரு பழைய துணியை எடுத்து நேராக நூலோட்டம் (ஊசி மேலும் கீழுமாக ஏறி இறங்கி ஓடும் சாதாரணத் தையல்) போடுங்கள். போட்டு முடித்ததும் நூலின் ஒரு முனையைப் பிடித்து இழுங்கள். துணி சுருங்கி, தள்ளி இருந்த இரண்டு இடங்கள் பக்கத்தில் வந்துவிடும். திங்களும் வெள்ளியும் தொட்டுக்கொண்டன என்று வைத்துக்கொள்வோம். நடுவில் இருந்த செவ்வாய், புதன், வியாழன்? அவை எங்கேயும் போகவில்லை, மடிப்பு மடிப்பாக அங்கேயே நிற்கின்றன. விரலால் தடவினால் கைக்குத் தட்டுப்படும். உங்கள் நான்காம் அத்தியாயத்தில் அவள் ஒரு வாரத்தை 'மறைத்துவிட்டாள்' என்று ஒரே வரியில் தாண்டியிருக்கிறீர்கள். அந்த மடிப்புக்குள் யார் மாட்டிக்கொண்டார்கள் என்று யோசித்தீர்களா?

அடுத்து பின்தையல். ஊசி ஒரு தையல் நீளம் பின்னே போய் இறங்கி, துணிக்கு அடியில் இரண்டு தையல் நீளம் முன்னே வந்து ஏறும். 10 சென்டிமீட்டருக்கு நூலோட்டம் போட ஏறக்குறைய 10 சென்டிமீட்டர் நூல் போதும். பின்தையலுக்கு மேலே ஒரு பங்கு, அடியில் இரண்டு பங்கு, ஆக 30 சென்டிமீட்டர் பக்கம் இழுத்துவிடும். கெட்டியான தையல்தான், ஆனால் மூன்று மடங்கு நூல். கடந்த காலத்துக்குத் திரும்பிப் போவதற்கு இதைவிட நியாயமான செலவுக் கணக்கு கிடைக்குமா!

சரி, அந்த நூல் எங்கிருந்து வரும்? அவள் ஆயுளிலிருந்து என்று மட்டும் எழுதிவிடாதீர்கள், எல்லோரும் நடந்து தேய்ந்த பாதை அது. கிழிசல் கண்ணுக்கே தெரியாதபடி சரிசெய்கிறவர்கள் புது நூல் வாங்குவதில்லை. வெளி நூலில் நிறமோ பருமனோ எங்கேயாவது காட்டிக்கொடுத்துவிடும். அதே உடுப்பில் உள்ளே மடித்துத் தைத்த ஓரத்திலிருந்து இழை இழையாக உருவி, அதை வைத்தே பொத்தலை அடைப்பார்கள். இதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு நாளைச் சரிசெய்ய வேண்டுமானால், அதே வாழ்க்கையில் யார் கண்ணிலும் படாமல் ஓரத்தில் கிடக்கும் இன்னொரு நாளிலிருந்துதான் இழை உருவ வேண்டும். மழை பெய்ததால் வீட்டிலேயே இருந்த ஒரு மத்தியானம், யாரும் ஞாபகம் வைத்துக்கொள்ளாத ஒரு புதன்கிழமை. உருவ உருவ ஓரம் இளைத்துக்கொண்டே வரும். நாயகி எந்தப் புதன்கிழமையைத் தேர்ந்தெடுக்கிறாள் என்பதிலேயே இரண்டு அத்தியாயம் இருக்கிறது.

சங்கிலித் தையல் (வளையத்துக்குள் வளையம் கோத்துப் போடுவது) பற்றி ஒரு வரி போதும். முடித்த பக்கத்து நூலைச் சரியாகப் பிடித்து இழுத்தால் சாக்கு மூட்டை வாய் மாதிரி சரசரவென்று மொத்தமும் அவிழ்ந்துவிடும். வில்லனுக்கு உதவும்.

தலைவிதியை நூலாகப் பார்ப்பது பழைய கற்பனைதான். கிரேக்கப் புராணத்தில் விதி தேவதைகள் மூன்று பேர்: கிளோத்தோ நூற்பாள், லாக்கெசிஸ் அளப்பாள், அட்ரோபோஸ் வெட்டுவாள். மூன்று பேரில் ஒருத்திகூடத் தைக்க மாட்டாள். அந்த நாற்காலி காலியாக இருக்கிறது, உங்கள் நாயகி தாராளமாக உட்காரலாம்.

ஊசி நிஜத்திலேயே காலத்தை மாற்றிய இடமும் உண்டு. பேயூ திரைச்சீலை என்று சொல்லப்படும் 11ஆம் நூற்றாண்டுத் துணி ஏறக்குறைய 70 மீட்டர் நீளம். லினன் துணியில் கம்பளி நூலால் போட்ட எம்பிராய்டரி. இங்கிலாந்து மன்னர் எட்வர்ட் 1066 ஜனவரி 5 அன்று இறந்தார். மறுநாள் அடக்கம், அன்றே ஹெரால்டு முடிசூடினார். ஆனால் இந்தத் துணியில் இடமிருந்து வலமாகப் பார்த்துக்கொண்டே போனால், எட்வர்டின் சவ ஊர்வலம் முதலில் வருகிறது. அவர் சாகிற காட்சி அப்புறம்தான்! ஹெரால்டு முடிசூடியதை ஒட்டியே ஹாலி வால்நட்சத்திரம். அது வானில் தெரிந்ததோ ஏப்ரல் கடைசியில். மூன்று மாதத்துக்கு மேல் அடுத்தடுத்த இரண்டு காட்சிகளுக்குள் அடங்கிவிட்டது. மந்திரம் எதுவும் தேவைப்படவில்லை.

இனி தம்பியின் கேள்வி. பிரித்துத் தைக்கலாமே என்கிறார். பிரிக்கலாம். ஒருமுறை தோல் பை ஒன்றின் வாரைக் கோணலாகத் தைத்துவிட்டேன். பிளேடால் பிரித்து, அரை மில்லிமீட்டர் தள்ளி மறுபடி தைத்தேன். அதுவும் கோணல். மூன்றாம் முறை ஊசி இறங்கியபோது ஓட்டைகள் வரிசை வரிசையாகச் சேர்ந்து, வார் தபால்தலை ஓரம் போல அந்தக் கோட்டோடு கிழிந்து கையில் வந்துவிட்டது. நூலைப் பிரிக்க முடிந்தது, ஓட்டையைப் பிரிக்க முடியவில்லை. பருத்தி என்றால் துவைத்து நீவிவிட்டால் இழைகள் நகர்ந்து ஓட்டை ஓரளவு மூடிக்கொள்ளும். தோலில் அந்தக் கருணை கிடையாது. நாட்களிலும் சில பருத்தி, சில தோல். தொலைந்த சாவி, தவறவிட்ட ரயில் எல்லாம் பருத்தி. அவள் அம்மா போன நாள் எது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

தம்பியின் கேள்விக்குப் பயந்து கதையைச் சுற்றி வேலி போடாதீர்கள். பதினோராம் அத்தியாயத்தில் ஒரு சின்னப் பையன் அதே வார்த்தைகளில் அவளிடம் கேட்கட்டும். அவள் பதில் சொல்லாமல் அந்த நாளின் துணியை எடுத்து விளக்கு வெளிச்சத்துக்கு நேரே பிடிக்கட்டும். நூல் எதுவும் இருக்காது. ஓட்டைகள் மட்டும் நான்கு வரிசை, அவளுடைய ஊசியின் பருமனில். எப்போது போட்டாள் என்று அவளுக்கே ஞாபகம் இல்லை. பையன் எண்ண ஆரம்பிக்கிறான்.