குஜராத்தின் கட்ச் பாலைநிலத்து ரபாரி மேய்ப்பர்களை ஆவணப்படுத்த, கேமராவா கோட்டோவியமா?

கேட்டவர் சென்னையில் ஓவியம் படிக்கும் மாணவர். இரண்டும் வேண்டும், ஆனால் முதலில் கோட்டோவியம். கேமரா நொடியில் எடுத்துக்கொண்டு போய்விடும். மடியில் நோட்டை வைத்து வரைந்தால் மேய்ப்பரே எட்டிப்பார்த்து, சேணத்தின் கட்டு தவறு என்று திருத்துவார். அந்தத் திருத்தம்தான் சரக்கு.

சுருக்கம் விழுந்த முகங்களைத் தேடாதீர்கள் (நம் ஊர்க் கண்காட்சிகளில் அவை போதுமான அளவு தொங்குகின்றன). பெண்களின் கருப்புக் கம்பளி முக்காடு, பச்சைக்குத்து, கண்ணாடித் துண்டுகள் பதித்த பூவேலை ஆகியவற்றை வரையுங்கள். ரபாரிகளில் ஓர் உட்பிரிவான தேபரியா ரபாரிகள் தங்களுக்கான பூவேலையையே 1990களில் சமூகக் கட்டுப்பாடு போட்டு நிறுத்திவிட்டார்கள். ஆகவே ஒவ்வொரு படத்தின் கீழும் ஆண்டு, ஊர், உட்பிரிவு எழுதுங்கள். இல்லாவிட்டால் அது வெறும் சுவர் அலங்காரம்.

தென்மேற்குப் பருவமழைக் காலத்தில் போங்கள். மற்ற மாதங்களில் பலர் மந்தையோடு வெளியூர் போயிருப்பார்கள்.