அக்காவுக்கு பெயில் கிடைச்சு 38 நாள் ஆச்சு, இன்னும் உள்ளதான் இருக்காங்க, என்ன பண்றது?

கேள்வி: மேடம், அக்கா வீட்டு வேலை செஞ்ச இடத்துல நகை காணோம்னு கேஸ் போட்டு அரெஸ்ட் பண்ணி நாலு மாசம் ஆகுது. செஷன்ஸ் கோர்ட்ல பெயில் கொடுத்து 38 நாள் ஆச்சு. ஆனா தலா 10,000 ரூபாய்க்கு ரெண்டு பேர் ஜாமீன் நிக்கணும், ஒருத்தர் ரத்த சொந்தமா இருக்கணும், ரெண்டு பேரும் உள்ளூரா இருக்கணும்னு போட்டிருக்காங்க. மாமா விட்டுட்டுப் போயி மூணு வருஷம் ஆச்சு, சொந்தக்காரங்க யாரும் வர மாட்டேங்கிறாங்க, வக்கீல் போனே எடுக்கல. கோர்ட் வாசல்ல ஒருத்தர் 15,000 கொடுத்தா ரெண்டு ஜாமீன்தாரர் ரெடி பண்றேன்னு சொல்றார். அக்காவோட 8 வயசு பையனும் 4 வயசு பொண்ணும் என்கிட்டதான் இருக்காங்க, நான் மில்லுல வேலை பாக்கிறேன். சின்னவளை ஜெயில்ல அக்காகூடவே விட்டுடுன்னு சிலர் சொல்றாங்க. தூரத்து சொந்தம் ஒருத்தங்க, ஸ்டாம்ப் பேப்பர்ல எழுதிக் கொடுத்துடு நாங்களே வளர்த்துக்கிறோம்னு கேக்குறாங்க. எனக்கு ஒண்ணும் புரியல.

பதில்: தங்கச்சி, முதல்ல அந்த 15,000-த்தை யாருக்கும் கொடுத்துடாதீங்க. மீதி எல்லாத்தையும் நிதானமா பேசலாம், இது மட்டும் இன்னிக்கே தெரிஞ்சுக்க வேண்டியது. கோர்ட் வாசல்ல காசுக்கு ஜாமீன் நிக்கிற ஆட்கள் கொண்டு வர்ற வீட்டு வரி ரசீது, ரேஷன் கார்டு, ஆதார் எதுவும் அவங்களுதா போலியான்னு உங்களுக்குத் தெரியாது. இப்போ ஜாமீன் நிக்கிறவங்க ஏற்கனவே எத்தனை பேருக்கு நின்னிருக்காங்கன்னு எழுதிக் கொடுக்கணும்னு பிஎன்எஸ்எஸ்ங்கிற புது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோட 486-வது பிரிவே சொல்லுது. அதுல பொய் இருக்குன்னு பின்னாடி வெளிய வந்தா அந்த ஆளு மேல கேஸ் வர்றதோட நிக்காது, உங்க அக்காவோட பெயிலே கேன்சல் ஆகலாம், ஏற்பாடு பண்ணது நீங்கதான்னு உங்களையும் சேர்த்து இழுக்கலாம். திருட்டு கேஸ்ல உள்ள போன பொண்ணு மேல அப்புறம் போலி டாக்குமெண்ட் கேஸும் சேர்ந்துச்சுன்னா அடுத்த பெயில் ரொம்ப கஷ்டம்.

சரி, இப்போ ஆர்டர் காப்பியை கையில எடுத்துட்டு கடைசி பக்கத்தை படிங்க. காப்பி இல்லைன்னா கேஸ் நம்பரை வெச்சு ஈ-கோர்ட்ஸ் சைட்ல எடுக்கலாம், பிரவுசிங் சென்டர்ல கூட எடுத்துத் தருவாங்க. அதுல கண்டிஷன் எழுதியிருக்கிற இடத்துல, இத்தனை நாளுக்குள்ள ஜாமீன் பத்திரம் தாக்கல் பண்ணணும்னு ஒரு வரி இருக்கான்னு பாருங்க. சில ஆர்டர்ல அந்த வரி இருக்கும், யாரும் கவனிக்க மாட்டாங்க, நாள் தாண்டினப்புறம் ஆளைக் கூட்டிட்டு போய் நின்னா மாஜிஸ்ட்ரேட் கோர்ட்ல ஏத்துக்க மாட்டாங்க. அப்படி இருந்து நாள் முடிஞ்சு போயிருந்தா பயப்பட வேண்டாம், டைம் நீட்டிச்சு கொடுங்கன்னு பெயில் கொடுத்த அதே செஷன்ஸ் கோர்ட்ல மனு போடலாம்.

அடுத்து, நீங்க கேக்காத ஒரு விஷயம். ரத்த சொந்தம் ஒருத்தர் வேணும்னு ஆர்டர் சொல்லுதே, கூடப் பிறந்த தங்கச்சி நீங்க, அந்த ரத்த சொந்தம் நீங்களேதான்! பொம்பளை ஜாமீன் நிக்கக்கூடாது, கல்யாணம் ஆகாத பொண்ணு நிக்கக்கூடாதுன்னு எந்த சட்டத்துலயும் இல்ல. உங்ககிட்ட சொந்த வீடு இல்லாம இருக்கலாம், ஆனா மில்லுல சம்பளச் சீட்டு இருக்கும், பிஎஃப் நம்பர் இருக்கும், பேங்க் பாஸ்புக் இருக்கும், அதையெல்லாம் ஆதாரோட எடுத்துட்டு போங்க, 10,000 ரூபாய்க்கு பொறுப்பு ஏத்துக்கிற தகுதி இருக்கான்னுதான் கோர்ட் பாக்கும். போட்டோ ஒட்டி இடது கை பெருவிரல் ரேகை வெக்கச் சொல்வாங்க, அது வழக்கமான நடைமுறைதான், குற்றவாளி மாதிரி நடத்துறாங்கன்னு நினைச்சு அங்கயே அழுதவங்களை நான் பாத்திருக்கேன், அதுக்காகத்தான் முன்னாடியே சொல்றேன். ஜாமீன் நிக்கிறதுக்கு அர்த்தம், அக்கா வாய்தாவுக்கு ஒழுங்கா வருவாங்கன்னு நீங்க பொறுப்பு. அவங்க வராம போனா அந்த 10,000-த்தை கட்டச் சொல்லி உங்களுக்கு நோட்டீஸ் வரும், கட்டவும் முடியாம வசூலிக்கவும் முடியாம போனா சிவில் ஜெயில்ல 6 மாசம் வரைக்கும் வெக்க சட்டத்துல இடம் இருக்கு. இதை மறைச்சு உங்களை கையெழுத்து போட வெக்கிறது சரியில்ல. உங்க அக்காவை உங்களுக்குத் தெரியும், முடிவு நீங்கதான் பண்ணணும்.

ரெண்டாவது ஆளுக்குத்தான் இப்போ வழி தேடணும். இதுக்கு மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்க, மாவட்ட கோர்ட் வளாகத்துலயே ஆபீஸ் இருக்கும், இல்லைன்னா 15100-க்கு போன் பண்ணுங்க. 1987-ல வந்த சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டம் 12-வது பிரிவுப்படி பெண்களுக்கும், காவல்ல இருக்கிறவங்களுக்கும் வருமானம் எவ்வளவுன்னு பாக்காம இலவச வக்கீல் உண்டு. உங்க அக்கா ரெண்டு கணக்குலயும் வர்றாங்க. இலவச வக்கீல்னா ஒழுங்கா வாதாட மாட்டாங்கன்னு ஒரு பேச்சு இருக்கு, நானும் அந்த இலவச வக்கீல் பட்டியல்ல இருந்து வேலை பாத்தவதான், போன் எடுக்காத தனியார் வக்கீலை விட ஜெயிலுக்கு வந்து அக்காவை நேர்ல பாக்கிற லீகல் எய்டு வக்கீல் ஆயிரம் மடங்கு மேல். பழைய வக்கீல்கிட்ட ஆட்சேபணை இல்லைன்னு ஒரு கையெழுத்து கேளுங்க, தரலைன்னா கோர்ட் அனுமதியோட மாத்திக்கலாம். புது வக்காலத்துல அக்கா ஜெயிலுக்குள்ளயே கையெழுத்து போட்டு ஜெயில் அதிகாரி அத்தாட்சி பண்ணிக் கொடுப்பாங்க.

சட்டப்பணிகள் ஆணைக்குழு ஆபீஸுக்குப் போனதும் அங்க செக்ரட்டரிகிட்ட ஒரு பக்க லெட்டர் எழுதிக் கொடுங்க. "பெயில் கிடைச்சு 38 நாள் ஆச்சு, ஜாமீன் கொடுக்க வசதியில்லாம அக்கா இன்னும் உள்ள இருக்காங்க, சுப்ரீம் கோர்ட்டோட 31.01.2023 உத்தரவுப்படி நடவடிக்கை எடுங்க"ன்னு அந்த தேதியைப் போட்டே எழுதுங்க. அந்த உத்தரவு உங்க அக்கா மாதிரி ஆளுங்களுக்காகவே வந்தது. பெயில் ஆர்டர் போட்ட அன்னிக்கோ மறுநாளோ அதோட காப்பி ஈமெயில்ல ஜெயில் சூப்பிரண்டு மூலமா கைதிக்குப் போகணும். 7 நாள்ல ஆள் வெளிய வரலைன்னா சூப்பிரண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழு செக்ரட்டரிக்கு தெரியப்படுத்தணும், செக்ரட்டரி ஒரு தன்னார்வலரையோ வக்கீலையோ ஜெயிலுக்கு அனுப்பி என்ன தடைன்னு விசாரிக்கச் சொல்லலாம். குடும்பத்தோட பண நிலைமையை விசாரிச்சு ரிப்போர்ட் வாங்கி, கண்டிஷனை தளர்த்துங்கன்னு கோர்ட்ல வெக்கலாம். ஒரு மாசத்துல பத்திரம் வரலைன்னா யாரும் மனு போடாமலேயே கோர்ட் தானா எடுத்து கண்டிஷனை குறைக்கலாமான்னு பாக்கலாம். வெளிய விட்டா நானே ஜாமீன் ஏற்பாடு பண்ணிடுவேன்னு கைதி சொன்னா குறிப்பிட்ட நாளுக்கு தற்காலிக பெயில் கொடுக்கிறதையும் யோசிக்கலாம். உள்ளூர் ஆள்தான் ஜாமீன் நிக்கணும்னு வற்புறுத்த வேண்டாம்னும் அதுலயே சொல்லியிருக்காங்க. 38 நாள்ல இதுல எதுவும் நடக்கலைன்னா உங்க அக்கா பேர் ஏதோ ஒரு ஃபைல்ல தப்பிப் போயிருக்கு, நீங்க போய் ஞாபகப்படுத்தணும், அவ்வளவுதான்.

அந்த இலவச வக்கீல் போட வேண்டியது கண்டிஷன் தளர்த்துற மனு, பிஎன்எஸ்எஸ் 484-ல. ஜாமீன் தொகை ஆளோட நிலைமைக்கு மீறி இருக்கக்கூடாது, செஷன்ஸ் கோர்ட்டுக்கும் ஹைகோர்ட்டுக்கும் அதைக் குறைக்க அதிகாரம் இருக்குன்னு அந்தப் பிரிவு சொல்லுது. ரெண்டு ஜாமீனை ஒண்ணாக்குங்க, தங்கச்சி நிக்கிறா, உள்ளூர்ங்கிறதை எடுத்துடுங்கன்னு கேளுங்க. 1978-லயே மோதி ராம்னு ஒரு கொத்தனாருக்கு 10,000 ரூபாய் ஜாமீன் கேட்டு, வெளி மாவட்டத்துல இருந்த சகோதரரை ஜாமீனா ஏத்துக்க மாட்டேன்னு சொன்னதை எதிர்த்த கேஸ்ல சுப்ரீம் கோர்ட் நீதிபதி கிருஷ்ண ஐயர் ரொம்ப கடுமையாவே பேசியிருக்கார், ஏழைக்கு கட்ட முடியாத தொகை போட்டா அது பெயில் இல்லைங்கிறதுதான் அதோட சாரம். 2024 ஆகஸ்ட்ல கிரிஷ் காந்தி கேஸ்லயும் சுப்ரீம் கோர்ட் இதையே சொல்லி, சாதாரண மனுஷனுக்கு ஜாமீன் நிக்க ஒரு சொந்தக்காரரோ பழைய நண்பரோதான் இருப்பாங்கன்னு எழுதியிருக்கு. வக்கீல்கிட்ட இந்த ரெண்டு கேஸ் பேரையும் சொல்லுங்க, எடுத்து வெப்பாங்க.

ரெண்டாவது ஆள் கிடைக்கவே இல்லைன்னா பத்திரத்துக்கு பதிலா பணமா கட்ட அனுமதிங்கன்னு பிஎன்எஸ்எஸ் 490-வது பிரிவுல கேட்டுப் பாக்கலாம், கோர்ட் சரின்னா ஒரு தொகையை டெபாசிட் பண்ணலாம், கேஸ் முடிஞ்சதும் திரும்ப வரும். அந்த பணத்துக்கே வழியில்லைன்னா 2023-ல மத்திய அரசு கொண்டு வந்த ஏழைக் கைதிகள் உதவித் திட்டம் இருக்கு. அது வந்தப்போ விசாரணைக் கைதி ஒருத்தருக்கு பெயில் தொகைக்கு 40,000 ரூபாய் வரைக்கும்னு வெச்சாங்க, பணம் உங்க கைக்கு வராது, நேரா கோர்ட்டுக்குப் போகும். கலெக்டர், எஸ்பி, ஜெயில் சூப்பிரண்டு, சட்டப்பணிகள் செக்ரட்டரி இவங்க இருக்கிற மாவட்டக் கமிட்டிதான் முடிவு பண்ணும். கஞ்சா மாதிரி போதைப்பொருள், யுஏபிஏங்கிற பயங்கரவாதத் தடுப்புச் சட்டம், சட்டவிரோதப் பணப் பரிமாற்றத் தடுப்புச் சட்டம் மாதிரி கேஸுக்கு கிடையாது, உங்க அக்காவோடது திருட்டு கேஸ்ங்கிறதால கேக்கலாம். இந்தத் திட்டம் பணத்தைத் தரும், ஆளைத் தராது, அதனால முதல்ல ஆளுக்கு பதில் பணம்னு கோர்ட்ல ஆர்டர் வாங்கிட்டு அப்புறம் கமிட்டிக்குப் போகணும். இந்த வரிசை மாறினா ரெண்டு பக்கமும் அலைய விடுவாங்க.

குழந்தைங்க விஷயத்துக்கு வர்றேன், இதை எழுதுறப்பதான் எனக்கு மனசு கனக்குது. 4 வயசு பொண்ணை அம்மாகூட ஜெயில்ல வெக்கலாமா? சட்டப்படி வெக்கலாம். 2006-ல ஆர்.டி. உபாத்யாய் கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொன்னபடி 6 வயசு வரைக்கும் குழந்தை அம்மாகூட உள்ள இருக்கலாம், அந்தக் குழந்தையை கைதியா நடத்தக் கூடாது, சாப்பாடு, துணி, வைத்தியம், படிப்பு, விளையாட்டு எல்லாம் உரிமையா கிடைக்கணும், குழந்தைகள் காப்பகம் இருக்கணும். வெளிய பாத்துக்க யாருமே இல்லாதப்போ இது பெரிய பாதுகாப்பு. ஆனா உங்க நிலைமையில நான் வேண்டாம்னுதான் சொல்வேன். குழந்தைக்கு சித்தி வீட்ல இடம் இருக்கு, அண்ணன் பக்கத்துல இருக்கான், நான் மேல சொன்ன மனு ஒழுங்கா நகர்ந்தா அக்கா சீக்கிரமே வெளிய வந்துடுவாங்க, அதுக்குள்ள அண்ணனையும் பிரிச்சு ஒரு புது இடத்துல விட்டு எடுக்கிறது அவளுக்கு ரெண்டு அடி. ஆனா முடிவு உங்களுது இல்ல, என்னுதும் இல்ல, பெத்தவளுது. போய் கேளுங்க.

அந்த ஸ்டாம்ப் பேப்பர்ல கையெழுத்தே போடாதீங்க, அக்காகிட்டயும் வாங்கிக் கொடுக்காதீங்க. நோட்டரி போட்டு எழுதிக்கிட்டா குழந்தை தத்து ஆகிடாது, ஆனா பின்னாடி அதைக் காட்டி நீயேதானே கொடுத்தேன்னு வருஷக்கணக்குல இழுப்பாங்க. ஜெயிலுக்குப் போனதால அம்மாங்கிற உரிமை போறதில்ல. யாராவது ரொம்ப அழுத்தம் கொடுத்தா குழந்தைகள் உதவி எண் 1098-க்கு போன் பண்ணுங்க. மாவட்ட குழந்தைகள் பாதுகாப்பு அலகு ஆபீஸ்ல மிஷன் வாத்சல்யாங்கிற மத்திய அரசு குழந்தைகள் நலத் திட்டத்தோட நிதி ஆதரவுக்கு ஒரு விண்ணப்பமும் போட்டு வைங்க, தேர்வானா குழந்தைக்கு மாசம் 4,000 ரூபாய், வருமான வரம்பு இருக்கு, கமிட்டிதான் பாத்து முடிவு பண்ணும். ஸ்கூல்ல பையனுக்கு கையெழுத்து போட, ஆஸ்பத்திரிக்கு கூட்டிட்டுப் போக, குழந்தைங்க தங்கச்சி பொறுப்புல இருக்காங்கன்னு அக்கா கையால ஒரு லெட்டர், வக்காலத்து வாங்குறப்பவே அதையும் ஜெயில் அதிகாரி அத்தாட்சியோட வாங்கிடச் சொல்லுங்க.

ஜெயில்ல மனு போட்டு அக்காவைப் பாக்கப் போறப்போ குழந்தைங்களை கூட்டிட்டுப் போங்க. பெண்களுக்குன்னே தனியா இருக்கிற ஜெயில் புழல், வேலூர், திருச்சி, மதுரை, கோவைன்னு சில ஊர்லதான் இருக்கு, அதனால ஆம்பளைக் கைதி குடும்பத்தை விட பெண் கைதி குடும்பம் அதிக தூரம் போக வேண்டியிருக்கு, ஒரு நாள் சம்பளமும் போகும், எல்லாம் எனக்குத் தெரியும். இருந்தாலும் போங்க. ஒரு தடவை நான் பாத்தது, பாக்குற இடத்துல ஒரு சின்னப் பையன் கம்பி வலைக்கு இந்தப் பக்கம் நின்னு தன்னோட விழுந்த பல்லு இடத்தை வாயைத் திறந்து காட்டிட்டு இருந்தான், அந்தப் பக்கம் அம்மா சிரிச்சுட்டே எங்கடா பல்லு, எங்க போட்டேன்னு கேட்டுட்டு இருந்தா, கேஸைப் பத்தி ஒரு வார்த்தை பேசல ரெண்டு பேரும். பெரியவனுக்கு 8 வயசுன்னா அம்மா எங்கன்னு ஏற்கனவே தெரிஞ்சிருக்கும், பொய் சொல்லாதீங்க, அம்மா கேஸ் நடக்குது, வக்கீல் பாத்துட்டு இருக்காங்கன்னு சொன்னா போதும்.

கடைசியா, ஜாமீன் பத்திரம் ஏத்துக்கிட்ட அன்னிக்கு கோர்ட்ல இருந்து ரிலீஸ் ஆர்டர் எப்போ, எப்படி ஜெயிலுக்குப் போகுதுன்னு கோர்ட் கிளர்க்கிட்ட கேட்டுட்டு, ஜெயிலுக்கும் போன் பண்ணி வந்துடுச்சான்னு கேளுங்க. சாயங்காலம் லாக்-அப்புக்கு அப்புறம் வந்தா இன்னொரு ராத்திரி உள்ள இருக்க வேண்டியதாயிடும். ரிலீஸ் இருட்டின நேரத்துல கூட நடக்கும், அக்கா கையில போன் இருக்காது, காசும் இருக்காது, அதனால நீங்களோ நம்பிக்கையான ஒருத்தரோ கேட் வெளிய நில்லுங்க. மறுநாள் காலையிலயே ஸ்டேஷன்ல கையெழுத்து போடுற கண்டிஷன் இருக்கான்னு ஆர்டர்ல பாத்து, இருந்தா ஒரு நாள் கூட விடாம போகச் சொல்லுங்க, அதே பக்கத்துல அடுத்த வாய்தா தேதியையும் பேனாவுல பெருசா எழுதி வைங்க.