அமெரிக்காவில் பிஸியோதெரபி லைசென்ஸ்: வாங்குவதும் காப்பாற்றுவதும்

சென்னையில் பிபிடி (பிஸியோதெரபி இளநிலைப் பட்டம்) முடித்துவிட்டு இப்போது டெக்சாஸில் வேலை பார்க்கிறேன். லைசென்ஸ் பற்றி நம் ஆட்கள் அனுப்பிய கேள்விகளுக்கு என்னால் முடிந்த பதில்கள் இதோ.

கோவையிலிருந்து ஒரு இறுதியாண்டு மாணவி: அண்ணா, எங்கிருந்து ஆரம்பிக்க வேண்டும்?

மாநிலத்திலிருந்து, தங்கச்சி. அமெரிக்கா முழுக்கச் செல்லும் ஒரே லைசென்ஸ் என்று எதுவும் இல்லை. 50 மாநிலங்கள், தலைநகர் வாஷிங்டன், ஒவ்வொன்றும் தனித்தனியாக லைசென்ஸ் தருகிறது. என்பிடிஇ என்ற தேசிய பிஸியோதெரபி தேர்வு மட்டும்தான் எல்லோருக்கும் பொது. அதை எழுத உங்களை அனுமதிப்பதும், பிறகு லைசென்ஸ் தருவதும் மாநிலத்தின் கையில். வெளிநாட்டில் படித்தவர்கள் கலிபோர்னியாவில் 9 மாதம் வரை மேற்பார்வையில் வேலை செய்து காட்ட வேண்டும். நியூயார்க்கில் தற்காலிக அனுமதி வாங்கி, லைசென்ஸ் உள்ளவரின் மேற்பார்வையில் வேலை பார்க்கலாம். அமெரிக்க அரசு தரும் சோஷியல் செக்யூரிட்டி எண் (அடையாள எண்) இல்லாமல் விண்ணப்பத்தையே வாங்காத மாநிலங்களும் உண்டு. அதனால் முதலில் இரண்டு மூன்று மாநிலங்களைத் தேர்ந்தெடுத்து, அங்கே லைசென்ஸ் தரும் போர்டுகளின் விதிகளை நீங்களே படியுங்கள். ஏஜென்ட் சொல்வதை மட்டும் நம்பி இறங்காதீர்கள்.

அடுத்தது சான்றிதழ் மதிப்பீடு. பெரும்பாலோர் எஃப்சிசிபிடி என்ற மதிப்பீட்டு நிறுவனம் வழியாகச் செய்கிறார்கள். நீங்கள் படித்தது அமெரிக்கப் படிப்புக்கு ஈடாகுமா என்று பாடம் பாடமாக ஒப்பிடுவார்கள். பட்டம் முடித்த ஆண்டைப் பொறுத்து அளவுகோல் மாறும். நம்மவர்கள் அதிகம் மாட்டுவது பொதுப்பாடங்களில்தான். பிளஸ் டூ முடித்ததும் நேராக உடற்கூறியலுக்குப் போய்விடுகிறோம். அங்கே இலக்கியம், கணிதம், சமூக அறிவியல் எல்லாம் கல்லூரி அளவில் படித்திருக்க வேண்டும். குறைவதை அமெரிக்கக் கல்லூரிகளின் ஆன்லைன் பாடங்களால் நிரப்பலாம்.

நீங்கள் இன்னும் கல்லூரியில் இருப்பது பெரிய வசதி. நான்கு வருட சிலபஸ், ஒவ்வொரு பாடத்துக்கும் தியரி, பிராக்டிகல் மணிநேரம், இன்டர்ன்ஷிப்பில் எந்தப் பிரிவில் எத்தனை மணிநேரம், இதையெல்லாம் முதல்வர் கையெழுத்தும் முத்திரையுமாக இப்போதே வாங்கி வையுங்கள். பத்து வருடம் கழித்துப் போய்க் கேட்டால் அந்தப் பதிவேடு எங்கே என்று சொல்லக்கூட ஆள் இருக்க மாட்டார்.

மதுரையிலிருந்து ஒருவர்: ஆறு வருட அனுபவம் இருக்கிறது. அதைக் கணக்கில் எடுப்பார்களா?

மதிப்பீட்டில் எடுக்க மாட்டார்கள். அங்கே படித்த பாடமும் படிப்புக்குள் செய்த கிளினிக்கல் மணிநேரமும்தான் கணக்கு. அனுபவம் பின்னால் வேலை தேடும்போது உதவும்.

தேர்வு எப்படி இருக்கும்? சென்னையிலேயே எழுதலாமா?

இல்லை. அமெரிக்காவுக்கோ குவாம் போன்ற அதன் ஆட்சிப் பகுதிகளுக்கோ போய்த்தான் எழுத வேண்டும். ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என ஆண்டுக்கு நான்கு முறை நடக்கிறது. 225 கேள்விகள், ஐந்து மணிநேரம். அதில் 180-க்குத்தான் மதிப்பெண். மற்றவை சோதனைக்காகச் சேர்த்தவை, எவை என்று உங்களுக்குத் தெரியாது. 200 முதல் 800 வரையான அளவில் 600 எடுத்தால் தேர்ச்சி. பன்னிரண்டு மாதத்தில் மூன்று முறை, வாழ்நாளில் ஆறு முறைதான் எழுதலாம். இரண்டு முறை 400 அல்லது அதற்குக் கீழே வந்தால் அத்தோடு கதவு மூடிவிடும். ஆகவே "சும்மா ஒரு தடவை எழுதிப் பார்க்கலாம்" என்று போகாதீர்கள். நாம் மனப்பாடமாகப் படித்துப் பழகியவர்கள். இங்கே கேட்பது முடிவெடுப்பது: இந்த நோயாளிக்குப் பயிற்சியைத் தொடர்வதா, நிறுத்துவதா, டாக்டரிடம் அனுப்புவதா?

ஒரு டெலிகிராம் குழுவில் போன தேர்வின் கேள்விகளைப் பகிர்கிறார்கள். சேரலாமா?

தயவுசெய்து வேண்டாம். 2010-ல் என்ன நடந்தது என்று இப்போது படிப்பவர்கள் பலருக்குத் தெரியாது. நினைவில் வைத்திருந்த கேள்விகளைப் பகிர்ந்த விவகாரத்தில், இந்தியா, பாகிஸ்தான், பிலிப்பைன்ஸ், எகிப்து ஆகிய நான்கு நாடுகளில் படித்தவர்கள் தேர்வு எழுதுவதையே நிறுத்திவைத்தார்கள். ஒரு கேள்வியைக்கூடப் பார்க்காத, இரவு பகலாகப் படித்த எத்தனையோ பேர் சேர்ந்து தண்டனை அனுபவித்தார்கள். அந்தக் குழுவில் இருப்பது உங்கள் ஒருவருக்கு மட்டுமான ஆபத்து இல்லை, உங்களுக்குப் பின்னால் வரும் ஜூனியர்களுக்கும்தான்.

நியூயார்க்கிலிருந்து ஒரு சகோதரி: கணவரோடு வந்திருக்கிறேன், லைசென்ஸ் இல்லை. தெரிந்தவர் கிளினிக்கில் வந்து நோயாளிகளைப் பார்க்கச் சொல்கிறார்கள்.

போகாதீர்கள் அக்கா. நியூயார்க்கில் லைசென்ஸ் இல்லாமல் இந்தத் தொழில் செய்வது ஃபெலனி, அதாவது சாதாரண அபராதத்தோடு போகாத கடுமையான குற்றம். வேலை அனுமதி இருந்தால் உதவியாளராகச் சேரலாம். ஆனால் உதவியாளர் நோயாளியை மதிப்பிடக் கூடாது, சிகிச்சையைத் தீர்மானிக்கக் கூடாது. "நீங்கதான் ஊரில் பிஸியோவாச்சே" என்று அன்பாகச் சொல்பவர், நாளை விசாரணை வந்தால் உங்கள் பக்கம் நிற்க மாட்டார்.

லைசென்ஸ் வந்துவிட்டது. இனி என்ன செய்ய வேண்டும்?

வாழ்த்துகள்! முதல் வேலை, காலாவதி தேதியைக் குறித்து வைப்பது. டெக்சாஸில் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும், 30 அலகு தொடர்கல்வி, கூடவே மாநிலச் சட்டம் பற்றிய ஒரு மதிப்பீடு. கலிபோர்னியாவிலும் இரண்டு ஆண்டு, 30 மணிநேரம். அதற்குள் சட்டமும் நெறியும் 2 மணி, உயிர்காப்புப் பயிற்சி 4 மணி. நியூயார்க்கில் மூன்று ஆண்டுக்கு 36 மணிநேரம். பணம் கட்டும் முன் அந்த வகுப்பை உங்கள் மாநிலம் ஏற்கிறதா என்று பாருங்கள். தணிக்கைக்குக் கேட்டால் காட்ட சான்றிதழ்களைப் பத்திரப்படுத்துங்கள். வீடு மாறினால் போர்டுக்குச் சொல்லுங்கள். புதுப்பிக்கும் நினைவூட்டல் பழைய வீட்டுக்குப் போய், லைசென்ஸ் காலாவதியானது தெரியாமல் நோயாளியைப் பார்த்தாலும் தவறு உங்களுடையதுதான்.

டெக்சாஸிலிருந்து அரிசோனாவுக்கு ஆறு மாத வேலை வருகிறது. மறுபடி முதலிலிருந்தா?

வேண்டாம். இரண்டும் பிடி காம்பாக்ட்டில், அதாவது பிஸியோ லைசென்ஸுக்காக மாநிலங்கள் தங்களுக்குள் செய்துகொண்ட ஒப்பந்தத்தில், இருக்கின்றன. நீங்கள் நிரந்தரமாக வசிக்கும் மாநிலத்தின் லைசென்ஸ் சுத்தமாக இருந்தால், கட்டணம் கட்டி அங்கே வேலை செய்யும் உரிமை வாங்கலாம். ஆனால் வசிப்பிடத்தையே மாற்றினால் கணக்கு வேறு. காம்பாக்ட்டில் இல்லாத மாநிலம் என்றால் தனி லைசென்ஸுக்கு விண்ணப்பிக்க வேண்டும், தேர்வு மதிப்பெண்ணை அங்கே மாற்றி அனுப்பச் சொல்லலாம்.

என் நோயாளி மகள் வீட்டுக்கு வேறு மாநிலம் போயிருக்கிறார். வீடியோவில் பயிற்சி சொல்லிக்கொடுக்கலாமா?

நோயாளி எங்கே உட்கார்ந்திருக்கிறாரோ, பொதுவாக அந்த மாநிலத்தின் அனுமதி வேண்டும். இல்லையென்றால் அங்கே லைசென்ஸ் உள்ள ஒருவரிடம் அனுப்பிவையுங்கள்.

"பிஸியோவுக்கு கிரீன் கார்டு சீக்கிரம் வரும்" என்கிறது ஒரு கம்பெனி. உண்மையா?

பாதி உண்மை. பிஸியோவும் நர்ஸும் ஷெட்யூல் ஏ (ஆள் பற்றாக்குறை உள்ளதாக அமெரிக்க அரசு ஏற்ற வேலைகள்) பட்டியலில் இருப்பதால், உள்ளூரில் ஆள் கிடைக்கவில்லை என்று விளம்பரம் செய்து நிரூபிக்கும் படி கிடையாது. ஆனால் இந்தியாவில் பிறந்தவர்களுக்கான விசா வரிசை அப்படியேதான் இருக்கிறது, அது பல ஆண்டு நீளம். வரிசையில் உங்கள் இடத்தை முடிவு செய்வது உங்களுக்காக கம்பெனி போடும் ஐ-140 என்ற குடியேற்ற மனு தாக்கலாகும் தேதி. ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன், அந்த மனுவை எந்த மாதம் தாக்கல் செய்வார்கள், பாதியில் விலகினால் எவ்வளவு கட்டச் சொல்வார்கள், இந்த இரண்டையும் எழுத்தில் வாங்குங்கள்.