இந்தோனேசியாவின் தெற்கு சுலவேசி மலைகளில் வாழும் தொராஜா மக்கள் இறுதிச் சடங்குக்கு இத்தனை எருமைகளை வெட்டுவது வீண் செலவு இல்லையா?

வெளியிலிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும். ஆனால் அந்த எருமைகளில் நிறைய, உறவுக்காரர்கள் செய்முறையாக ஓட்டி வருபவை. யார் கொண்டு வந்தார், கொம்பு எவ்வளவு நீளம் என்பதெல்லாம் கணக்கில் இருக்கும். கொண்டு வந்தவர் வீட்டில் சாவு விழும்போது அதே தரத்தில் ஒன்றைத் திருப்பிச் செய்தாக வேண்டும். வாங்கியவர் போய்விட்டால் கடன் பிள்ளைகள் தலையில். அப்பா அம்மாவுக்கு யார் எத்தனை வெட்டினார்கள் என்பதை வைத்து வயலைப் பங்கு பிரிக்கும் வழக்கமும் உண்டு.

இவர்களுடைய பழைய நம்பிக்கைப்படி, உயிரை 'பூயா' என்ற மறு உலகத்துக்குக் கொண்டு சேர்ப்பது எருமைதான். சடங்குக்கு வேண்டியது சேரும்வரை, சில வீடுகளில் வருடக்கணக்கில், உடலைப் பதப்படுத்தி வீட்டிலேயே வைத்திருப்பார்கள். அதுவரை இறந்தவரை நோயாளியாகத்தான் நினைப்பார்கள், சாப்பாடுகூட வைப்பார்கள். இன்று பெரும்பாலானவர்கள் கிறிஸ்தவர்கள். இருந்தும் எருமை வெட்டுவது நிற்கவில்லை. வெட்டிய எருமைகளின் கொம்புகளைத் 'தொங்கோனான்' என்னும் குலவீட்டின் முன்தூணில் வரிசையாகக் கட்டி வைப்பார்கள். அந்தக் குடும்பத்தின் அந்தஸ்து வாசலிலேயே தெரிந்துவிடும்.

அங்குள்ள ரந்தேபாவோ ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் போலு எருமைச் சந்தைக்குப் போனால் இன்னும் நன்றாகப் புரியும். சேற்றில் கால் புதைய நின்றுகொண்டு வாங்க வந்தவர்கள் கொம்பின் வளைவு, தோலில் உள்ள சுழி, கண்ணின் நிறம் என்று ஒவ்வொன்றாகப் பார்க்கிறார்கள். வெள்ளை உடம்பில் கருப்புத் திட்டுகளும் வெளிறிய கண்ணும் உள்ள 'சலேகோ' வகைக்குத்தான் கிராக்கி. விலை பல கோடி ருபியா, ஒரு காரே வாங்கிவிடலாம். அதை ஏரில் பூட்டுவதில்லை. நான் பார்த்த ஒரு பையன் வாளித் தண்ணீரை ஊற்றி ஊற்றி, காது மடலுக்குப் பின்னால்கூட விடாமல் தேய்த்துக்கொண்டிருந்தான்.

எனக்கு உறுத்துவது வேறு. கடனைத் தீர்க்க நிலத்தை அடகு வைக்கும் குடும்பங்களும் இருக்கின்றன, அவர்களுக்கு இது உண்மையாகவே பெரிய சுமை. அப்புறம், நல்ல சலேகோ கடாக்கள் இனப்பெருக்கத்துக்கு நிற்காமல் சடங்குக்கே போய்விடுகின்றன. வழக்கத்தை விடச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. ஆனால் கடாக்களை முதலில் இனப்பெருக்கத்துக்கு விட்டு, பிறகு சடங்குக்குக் கொடுத்தால் அந்த இனமாவது மிஞ்சும்.