சிகரங்களைச் சுற்றிக் காட்டும் ஹெலிகாப்டர்: பணம் கட்டும் முன் கேட்க வேண்டியவை

கேள்வி: அப்பா அம்மாவின் 40ஆவது திருமண நாளுக்கு எவரெஸ்ட் ஹெலிகாப்டர் பயணம் ஏற்பாடு செய்ய நினைக்கிறேன். மூன்று இடங்களில் விசாரித்தேன். ஒரே பாதை, ஒரே நேரம் என்கிறார்கள், ஆனால் விலையில் நிறைய வித்தியாசம். மலிவானதை எடுத்தால் தவறா?

பதில்: விலையைப் பார்ப்பதற்கு முன்னால் "ஹெலிகாப்டர் யாருடையது?" என்று கேளுங்கள். இந்தப் பயணங்களை விற்பவர்களில் பலர் முகவர்கள். அவர்களிடம் ஹெலிகாப்டரும் கிடையாது, விமானியும் கிடையாது. ஒரே ஹெலிகாப்டரின் அடுத்தடுத்த இருக்கைகளை இரண்டு முகவர்கள் இரண்டு விலைக்கு விற்பதுகூட நடக்கும். ஆகவே மலிவு என்பதாலேயே ஆபத்து என்று சொல்ல முடியாது, விலை கூடுதல் என்பதால் பாதுகாப்பு கூடிவிட்டது என்றும் நம்ப முடியாது. பறக்கப்போகும் நிறுவனத்தின் பெயரை எழுத்தில் வாங்குங்கள். பயணிகளை ஏற்றிச்செல்ல அந்த நாட்டு விமானப் போக்குவரத்து ஆணையம் உரிமம் கொடுத்திருக்கும் நிறுவனங்களில் அதுவும் ஒன்றா என்று சரிபாருங்கள். "அதெல்லாம் நாங்க பார்த்துக்கிறோம்" என்று பெயர் சொல்லாமல் நழுவுகிறவரிடம் முன்பணம் கட்டவே வேண்டாம்.

அடுத்தது நேரம். காத்மாண்டுவிலிருந்து எவரெஸ்ட் போய்வரும் பயணத்தை நான்கு மணி நேரம், ஐந்து மணி நேரம் என்று விளம்பரம் செய்வார்கள். லுக்லாவில் எரிபொருள் நிரப்ப நிற்பது, 3,880 மீட்டர் உயரத்தில் சியாங்போச்சே மலைமேல் இருக்கும் ஓட்டலில் காலை உணவு சாப்பிடுவது, நடுவில் காத்திருப்பது எல்லாம் அதில் அடக்கம். வானில் எத்தனை நிமிடம் என்று தனியாகக் கேட்டால்தான் இரண்டு விலைகளை ஒப்பிட முடியும். தேசியப் பூங்கா நுழைவுக் கட்டணம் விலையில் சேர்ந்திருக்கிறதா, குறைந்தபட்ச ஆட்கள் சேராவிட்டால் என்ன செய்வார்கள் என்பதையும் சேர்த்துக் கேட்டுவிடுங்கள்.

அப்புறம், எவரெஸ்டை எதிரே பார்க்க ஏறக்குறைய 5,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் மேடுதான் காலாபத்தர். "காலாபத்தரில் இறங்குவோம்" என்பதும் "காலாபத்தர் மேல் பறப்போம்" என்பதும் வேறு வேறு. இறங்குவதாகச் சொன்னால், இறங்க முடியாமல் போனால் எவ்வளவு பணம் திரும்ப வரும் என்று கேளுங்கள். வானிலை மட்டும்தான் தடையாக வரும் என்று நினைக்காதீர்கள். 2025 ஜனவரியில் எவரெஸ்ட் பகுதியில் உள்ளூர் இளைஞர்கள் எதிர்த்ததால் வணிக ஹெலிகாப்டர்கள் பறக்க முடியாமல் நின்றன.

கேள்வி: முன்பதிவு படிவத்தில் எடையைக் கேட்டார்கள். 94 கிலோ இருக்கும் நான் கூச்சத்தில் 85 என்று போட்டுவிட்டேன். மாற்ற வேண்டுமா?

பதில்: இன்றைக்கே மாற்றுங்கள். கூச்சப்பட இதில் எதுவும் இல்லை. விமானி அந்த எண்ணை வைத்துத்தான் கணக்குப் போடுகிறார்.

கடல் மட்டத்திலிருந்து 5,500 மீட்டர் மேலே போனால் காற்றழுத்தம் ஏறக்குறைய பாதியாகிவிடும். காற்றைக் கீழே தள்ளித்தான் ஹெலிகாப்டர் மேலே நிற்கிறது. தள்ளுவதற்குக் காற்றே குறைவாக இருந்தால் இறக்கைக்கும் வலு குறையும், எஞ்சினுக்கும் வலு குறையும். வெயில் ஏறினால் காற்று இன்னும் லேசாகி நிலைமை மோசமாகும். 2005 மே 14 அன்று டிடியே டெல்சால் என்ற பிரெஞ்சு விமானி எவரெஸ்டின் உச்சியிலேயே ஹெலிகாப்டரை இறக்கிக் காட்டினார். இன்று சுற்றுலாவுக்கு அங்கே அதிகம் ஓடும் ஏர்பஸ் எச்125 அதே குடும்பத்து ஹெலிகாப்டர்தான். ஆனால் அவர் தனி ஆளாக, தேவையில்லாத பாகங்களைக் கழற்றி எடையைக் குறைத்துக்கொண்டு போனார். உங்கள் ஹெலிகாப்டரில் நான்கைந்து பேர் இருப்பார்கள்.

அதனால்தான் காலாபத்தர் போகிறவர்களை ஒரே நடையில் ஏற்றிப்போவதில்லை. 4,300 மீட்டருக்குச் சற்று மேலே இருக்கும் பெரிச்சேயில் பாதிப் பேரை இறக்கிவிட்டு, இரண்டு மூன்று பேராகக் கொண்டுபோய்க் கொண்டுவருவார்கள். நான் போனபோது புறப்படும் இடத்தில் பை, ஜாக்கெட், கேமரா எல்லாவற்றோடும் எங்களை எடைக்கருவி மேல் ஏற்றினார்கள். விமானி சீட்டை வாங்கிப் பார்த்தார், பேனாவால் ஒரு கோடு போட்டார், என் தோள்பையிலிருந்த இரண்டு தண்ணீர் பாட்டில்களையும் வெளியே எடுத்து வைக்கச் சொன்னார். இரண்டு கிலோகூட இருக்காது. அதற்கே அவ்வளவு கணக்கு. பெரிச்சேயில் இறங்கி ஒரு கற்சுவரின் ஓரம் குளிரில் ஒண்டி நின்றபோதுதான் அந்தப் பேனாக் கோட்டின் அர்த்தம் எனக்குப் புரிந்தது.

நீங்கள் 85 என்று எழுதினாலும் அங்கே எடைக்கருவி 94 என்றுதான் காட்டும். கடைசி நேரத்தில் ஒருவரை இறக்கிவிட வேண்டிவரலாம், அது உங்கள் வீட்டு ஆளாகவே இருக்கலாம். எடையைத் தவறாகச் சொன்னால் பணம் திரும்பாது என்று பல ஒப்பந்தங்களில் எழுதியிருக்கும். குறிப்பிட்ட எடைக்கு மேல், பெரும்பாலும் 100 கிலோவை ஒட்டி, கூடுதல் கட்டணம் கேட்கும் நிறுவனங்களும் உண்டு. இன்னொன்றையும் சொல்கிறேன். எடையே கேட்காமல் பதிவு செய்கிற, புறப்படும் இடத்திலும் எடை பார்க்காத நிறுவனம் என்றால் ஏறாதீர்கள்.

கேள்வி: பனிமலைப் பயணம் போனோம். 25 நிமிடம் பறந்ததும் மேகம் என்று சொல்லி விமானி திரும்பிவிட்டார். வானிலையால் ரத்தானால் முழுப் பணமும் தருவோம் என்று எழுதியிருந்தார்கள். இப்போது கேட்டால் "ரத்து ஆகவில்லையே, பறந்தீர்களே" என்கிறார்கள். இது நியாயமா?

பதில்: நியாயமில்லை. ஆனால் ஒப்பந்தத்தில் இதற்கு வழி வைத்துத்தான் எழுதியிருப்பார்கள். "ரத்து" என்ற சொல்லுக்கு அவர்கள் கொள்ளும் பொருள், புறப்படுவதற்கு முன் நிறுத்துவது மட்டும். பாதி வழியில் திரும்பினால் என்ன என்பதைச் சொல்லாமலே விட்டுவிடுவார்கள். விதிமுறைகளை எடுத்து அதைப் பற்றி ஏதாவது வரி இருக்கிறதா என்று தேடுங்கள். இல்லாவிட்டால், வாக்களித்த பாதையில் எந்தப் பகுதியைப் பார்க்கவில்லை, எத்தனை நிமிடம் பறந்தீர்கள் என்று எழுதி, பார்க்காத பகுதிக்கான பணத்தையாவது கேளுங்கள். தொலைபேசியில் பேசாதீர்கள், எழுத்தில் கேளுங்கள். கடன் அட்டையில் கட்டியிருந்தால், வாக்களித்த சேவை முழுதாகக் கிடைக்கவில்லை என்று வங்கியிடம் முறையிடலாம். அதற்குக் காலக்கெடு உண்டு, தள்ளிப்போடாதீர்கள். திரும்பினால் பணம் கிடையாது என்று தெளிவாக எழுதியிருந்து நீங்கள் ஒப்புக்கொண்டிருந்தால் மட்டும் வாய்ப்பு குறைவு.

உங்கள் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் அந்தக் கோபத்தில் ஒரு துளிகூட விமானி மேல் திரும்பக் கூடாது. நீங்கள் கட்டிய பணத்தில் மிக மதிப்பான பொருளை அவர்தான் உங்களுக்குக் கொடுத்தார். நியூசிலாந்தின் ஃபாக்ஸ் பனியாற்றில் 2015 நவம்பர் 21 அன்று ஒரு சுற்றுலா ஹெலிகாப்டர் மோதி, உள்ளே இருந்த ஏழு பேரும் இறந்தார்கள். அன்றைய வானிலை சுற்றிப்பார்க்கும் பயணத்துக்கு ஏற்றதாகவே இல்லை என்று விசாரணையில் தெரியவந்தது. 2023 ஜூலை 11 அன்று எவரெஸ்ட் பகுதியிலிருந்து காத்மாண்டு திரும்பிய ஹெலிகாப்டர் விழுந்து, ஐந்து மெக்சிகோ பயணிகளும் விமானியும் இறந்தார்கள். அது மழைக்காலம். அதன்பிறகு நேபாள ஆணையம் மலை சுற்றிப்பார்ப்பது, பூத் தூவுவது போன்ற அவசியமில்லாத ஹெலிகாப்டர் பயணங்களை இரண்டு மாதத்துக்கு நிறுத்தி வைத்தது.

அதனால் திருப்பித் தரும் விதியை நான் வெறும் பண விஷயமாகப் பார்ப்பதில்லை. திரும்பி வந்தால் பயணிகள் சண்டை போடுவார்கள், முதலாளி முகம் சுளிப்பார் என்ற நினைப்போடு ஒரு மனிதர் மேகத்துக்கு முன்னால் முடிவெடுக்க வேண்டி வருகிறது. அந்த நிமிடத்தில் அவர் மனத்தில் பணக்கணக்கு ஓடக் கூடாது. புறப்படும் முன் நிறுத்தினால் முழுப் பணம் அல்லது வேறு நாள், எது என்பது பயணியின் விருப்பம். வழியில் திரும்பினால் பறக்காத பகுதிக்கான பணம். இந்த இரண்டையும் எழுத்தில் தருகிற நிறுவனம் கொஞ்சம் விலை கூடுதலாகக் கேட்டாலும் கொடுங்கள். நீங்களும் அந்த இடத்தில் இரண்டு மூன்று நாள் கூடுதலாகத் தங்கும்படி திட்டமிட்டு, ஹெலிகாப்டரை முதல் நாளிலேயே வைத்துக்கொள்ளுங்கள். ஊருக்குத் திரும்பும் விமானம் அன்று மாலையே என்றால், "எப்படியாவது போய்விடலாம்" என்று நாமே விமானியை நெருக்க ஆரம்பித்துவிடுவோம்.

கேள்வி: அம்மாவுக்கு 68 வயது, ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை சாப்பிடுகிறார். ஹெலிகாப்டருக்குள் ஆக்சிஜன் தருவார்களா?

பதில்: கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள், தானாகத் தருவார்கள் என்று இருக்காதீர்கள். பெரிய விமானங்களைப் போல ஹெலிகாப்டருக்குள் காற்றழுத்தத்தைக் கூட்டி வைப்பதில்லை. வெளியே எவ்வளவு உயரமோ உள்ளேயும் அதேதான். அமெரிக்க விதிப்படி 14,000 அடிக்கு மேல் விமானி தொடர்ந்து ஆக்சிஜன் எடுத்துக்கொள்ள வேண்டும், 15,000 அடிக்கு மேல் பயணிகள் ஒவ்வொருவருக்கும் தர வேண்டும். காலாபத்தர் அதைவிட உயரம். அங்கே இறங்கி நிற்பது பத்து நிமிடம் போல்தான் இருக்கும். தலைசுற்றல், மூச்சுவாங்கல் அந்தப் பத்து நிமிடத்திலேயே வரலாம். தலைவலி, வாந்தி என்று வரும் மலைநோய் பெரும்பாலும் சில மணி நேரம் தங்கிய பிறகே தொடங்கும். ஆகவே இறங்கியதும் ஓடக் கூடாது, குனிந்து நிமிர்ந்து படம் எடுக்கக் கூடாது.

அழுத்தம் மாத்திரையில் கட்டுக்குள் இருக்கிறதா, இதயமும் நுரையீரலும் எப்படி என்று அவருடைய மருத்துவரிடம் போகும் உயரத்தை எண்ணாகச் சொல்லிக் கேளுங்கள். "மலைக்குப் போகிறோம்" என்று மட்டும் சொன்னால் போதாது. பலருக்குத் தெரியாத இரண்டு விஷயங்களும் உண்டு. கண்ணில் வாயு செலுத்திச் செய்யும் விழித்திரை அறுவை சிகிச்சை செய்திருந்தால், அந்த வாயு முழுதும் கரைந்துவிட்டது என்று கண் மருத்துவர் சொல்லும்வரை உயரத்துக்குப் போகவே கூடாது, வாயு விரிந்து பார்வையே போய்விடலாம். அதேபோல, கடலுக்குள் ஸ்கூபா போய்வந்தவர்கள் ஒருமுறை மூழ்கியிருந்தால் குறைந்தது 12 மணி நேரம், பல முறை மூழ்கியிருந்தால் 18 மணி நேரம் கழித்தே பறக்க வேண்டும் என்பது உள்ளே அழுத்தம் கூட்டிய சாதாரண விமானங்களுக்கான கணக்கு; இவ்வளவு உயரம் போகும் ஹெலிகாப்டருக்கு அது போதும் என்று இருக்காதீர்கள், மருத்துவரிடம் கேளுங்கள்.

கேள்வி: ஜன்னல் இருக்கை உறுதியாகக் கிடைக்குமா? நல்ல படம் எடுக்க வேண்டும்.

பதில்: யாராலும் உறுதி கொடுக்க முடியாது. எடையைச் சமன் செய்வதற்காக யார் எங்கே உட்கார வேண்டும் என்பதை விமானிதான் முடிவு செய்வார். பின் வரிசையில் நான்கு பேர் என்றால் நடுவில் இருக்கும் இருவருக்குக் காட்சி குறைவு. ஜன்னல் முக்கியம் என்றால் ஆட்களைக் குறைத்து முழு ஹெலிகாப்டரையும் எடுப்பதுதான் வழி. கறுப்பு உடை போட்டால் கண்ணாடியில் உங்கள் பிம்பம் விழாது. ஒளி பிரதிபலிப்பைக் குறைக்க லென்ஸில் மாட்டும் போலரைசர் வடிகட்டியைக் கழற்றிவிடுங்கள், அந்த பிளாஸ்டிக் ஜன்னலில் அது வானவில் கோடுகளைக் கொண்டுவரும். லென்ஸை ஜன்னலில் முட்டுக் கொடுக்காதீர்கள், அதிர்வில் படம் கலங்கிவிடும்.

கேள்வி: பயணக் காப்பீடு எடுத்திருக்கிறேன். அது போதுமா?

பதில்: பாலிசியில் இரண்டு இடங்களைப் பாருங்கள். உரிமம் பெற்ற நிறுவனத்தில் கட்டணம் செலுத்திப் பயணிப்பவருக்கு மட்டும் என்று விமான விபத்துப் பகுதியில் எழுதியிருக்கலாம். முதல் கேள்விக்குச் சொன்ன நிறுவனத்தின் பெயர் இங்கேயும் தேவைப்படும். இன்னொன்று உயர வரம்பு. சில பாலிசிகள் 3,000 அல்லது 4,000 மீட்டரோடு நின்றுவிடும். ஐரோப்பிய ஒன்றியம் 2013 டிசம்பரில் நேபாள விமான நிறுவனங்கள் அனைத்தையும் தன் தடைப்பட்டியலில் சேர்த்தது. அங்குள்ள மேற்பார்வையில் குறை என்பதுதான் காரணம். அதை வைத்து ஏதாவது விலக்கு இருக்கிறதா என்று காப்பீட்டு நிறுவனத்திடம் எழுதிக் கேட்டு, பதிலைப் பத்திரப்படுத்துங்கள்.

கேள்வி: இதெல்லாம் படித்தால் பயமாக இருக்கிறது. ஹெலிகாப்டர் இல்லாமல் சிகரத்தை அருகில் பார்க்க வழி உண்டா?

பதில்: உண்டு. காத்மாண்டுவிலிருந்து காலையில் சிறு விமானங்கள் எவரெஸ்ட் பக்கம் போய் ஒரு மணி நேரத்தில் திரும்பும். இறங்காது. அழுத்தம் கூட்டிய விமானம் என்றால் மூச்சுப் பிரச்சினையும் இல்லை. 68 வயது அம்மாவுக்கு நான் இதைத்தான் முதலில் சொல்வேன். அலாஸ்காவில் டால்கீட்னா என்ற ஊரிலிருந்து பனிச்சறுக்குக் கட்டை பொருத்திய விமானங்கள் தெனாலி மலையின் பனியாற்றிலேயே போய் இறங்கும். எதை எடுத்தாலும் காலையின் முதல் பயணத்தைக் கேளுங்கள். பள்ளத்தாக்கு சூடாகி மேகம் ஏற ஆரம்பித்தால், மதியத்துக்குள் சிகரம் மறைந்துவிடும்.