மூன்றாம் இடம் பெற்ற அழகி, முதல் வரிசை நடிகை: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: பிரேசில் சீரியல்களைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் கிராஸி மாசஃபேரா என்ற பெயர் வருகிறது. இவர் மாடலா, நடிகையா?

பதில்: இரண்டும்தான். தெற்கு பிரேசிலில் பரானா மாநிலத்தின் வடபகுதியில் ஜாக்கரெஸின்யோ என்ற சிறு நகரத்தில் 1982 ஜூன் 28 அன்று பிறந்தவர். 2004-ல் மிஸ் பரானா ஆனார். அதே ஆண்டு மிஸ் பிரேசில் போட்டியில் மூன்றாம் இடம் பிடித்து, பீஜிங்கில் நடந்த மிஸ் இன்டர்நேஷனல் போட்டிக்குப் போனார். நாடு முழுக்க அவர் முகம் தெரிந்தது 2005 தொடக்கத்தில், 'பிக் பிரதர் பிரேசில்' ஐந்தாவது சீசனில். அங்கும் பட்டம் கைக்கு வரவில்லை. பத்து லட்சம் ரியல் (பிரேசில் நாணயம்) பரிசை வென்றவர் ஜீன் வில்லிஸ், பின்னாளில் நாடாளுமன்ற உறுப்பினரானவர். கிராஸிக்கு இரண்டாம் இடம்.

கேள்வி: ரியாலிட்டி ஷோவில் பெயர் வாங்கியவர்களை ஆறு மாதத்தில் மறந்துவிடுகிறோம். இவர் மட்டும் எப்படி நிலைத்தார்?

பதில்: நிகழ்ச்சி முடிந்த கையோடு பிரேசிலின் பெரிய தொலைக்காட்சி நிறுவனமான குளோபோவின் நடிகர் பயிற்சிப் பட்டறையில் சேர்ந்தார். புகழ் சூடாக இருக்கும்போது விளம்பரங்களும் விழா அழைப்புகளும் குவியும். அந்த நேரத்தில் வகுப்பில் போய் உட்காருவது எளிதல்ல. 2006-ல் மனோயெல் கார்லோஸ் எழுதிய 'பாஜினாஸ் டா வீடா' தொடரில் தெல்மா என்ற துணைப் பாத்திரம் கிடைத்தது. எடுத்த எடுப்பிலேயே கதாநாயகி ஆக்காமல் துணைப் பாத்திரம் கொடுத்தது அவருக்கு நல்லதாகவே முடிந்தது என்பது என் கருத்து. துணை நடிகைக்கு ஒரு நாளில் சில காட்சிகள்தான். எதிரே நிற்கும் மூத்த நடிகர்கள் வசனத்தை எங்கே நிறுத்துகிறார்கள், எப்போது கேமராவை மறந்துவிடுகிறார்கள் என்று கவனிக்க நேரம் இருக்கும்.

இன்னொரு தடையும் இருந்தது: பேச்சு. பரானாவின் வடபகுதியிலும் சாவ் பாவுலோ மாநிலத்தின் உட்பகுதியிலும் அசையின் முடிவில் வரும் 'ர்' ஒலியை நாக்கை மடித்துச் சொல்வார்கள், ஏறத்தாழ நம் 'ழ்' போல. 'போர்ட்டா' (கதவு) என்பது அவர்கள் வாயில் 'போழ்ட்டா' ஆகும். ரியோ டி ஜெனிரோவில் அதே எழுத்து தொண்டையில் உரசி வரும். குளோபோ தொடர்கள் பெரும்பாலும் ரியோவில் நடப்பதால், ரியோ பணக்கார வீட்டுப் பெண்ணாக நடிப்பவர் 'போழ்ட்டா' என்றால் பார்ப்பவர் அடுத்த நொடியே கதையிலிருந்து வெளியே வந்துவிடுவார். இதைச் சரிசெய்யப் பேச்சுப் பயிற்சியாளர்கள் இருக்கிறார்கள். நாக்கு நுனியைக் கீழ்ப்பற்களுக்குப் பின்னால் வைத்தபடி தொண்டையில் காற்றை உரசவிடுவது முதல் பாடம். பிறகு தனிச்சொல், வாக்கியம், கடைசியில் கோபத்திலும் அழுகையிலும் பேசும் வசனம் என்று படிப்படியாகப் போவார்கள். அந்தக் கடைசிப் படியில்தான் பலர் சறுக்குவார்கள். உணர்ச்சி ஏறினால் சொந்த ஊர்ப் பேச்சு தானே வந்துவிடும். ஊர்ப் பேச்சை அடியோடு அழித்துவிடவும் கூடாது. கிராமத்துப் பாத்திரம் வரும்போது அதுவே மூலதனம்.

கேள்வி: பிரேசில் தொடரில் நடிப்பதில் அப்படி என்ன கஷ்டம்? மாடல்களுக்குக் கேமரா பழக்கம்தானே?

பதில்: அந்தப் பழக்கம்தான் முதல் எதிரி. வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வருகிறது, எந்தக் கோணத்தில் தாடை அழகாகத் தெரியும் என்பதெல்லாம் மாடலுக்கு உடம்பிலேயே ஊறியிருக்கும். நடிக்கும்போதும் அந்தக் கோணத்துக்கே முகம் திரும்பும். எதிரே இருப்பவர் பேசுவதைக் கேட்க மாட்டார்; தன் முறை வருவதற்காகக் காத்திருப்பார். நெருக்கக் காட்சியில் இது அப்படியே தெரியும். அழும்போது கண்ணீர் வரும், முகம் மட்டும் கலையாது. அடுத்தது மூச்சு. மாடலிங் பேசாத தொழில். நீளமான வசனத்தின் பாதியில் காற்று தீர்ந்து குரல் மெலிந்துவிடும், வாக்கியத்தின் கடைசிச் சொல் மைக்கில் விழாது.

இதற்கு மேல் வேலையின் வேகம். குளோபோ மாலை 6 மணி, 7 மணி, இரவு 9 மணி என்று மூன்று வரிசைகளில், திங்கள் முதல் சனி வரை தொடர்களை ஒளிபரப்புகிறது. ஒரு கதை 150 அத்தியாயங்களைத் தாண்டுவது சாதாரணம், ஆனால் எட்டு மாதம் போலக் கழிந்ததும் முடிந்துவிடும். ஆண்டுக்கணக்கில் இழுப்பதில்லை. ஒளிபரப்பு தொடங்கும் நாளில் சில வாரங்களுக்கான அத்தியாயங்களே கையில் இருக்கும். மீதியை எழுத்தாளர் எழுதிக்கொண்டே போவார். வாரத்துக்கு ஆறு அத்தியாயங்கள் கட்டாக நடிகர்கள் கைக்கு வரும். படப்பிடிப்பு கதை வரிசையில் நடக்காது, அரங்க வரிசையில் நடக்கும். ரியோவின் மேற்குப் பகுதியில் 1995-ல் திறந்த குளோபோ ஸ்டூடியோவில் ஒரு வீட்டின் வரவேற்பறை போட்டிருந்தால், அந்த அறையில் நடக்கும் பல அத்தியாயங்களின் காட்சிகளையும் அன்றே எடுத்துவிடுவார்கள். காலையில் கணவனை மன்னிக்கும் காட்சி, மதியம் அவன் துரோகத்தைக் கண்டுபிடிக்கும் காட்சி. இந்தக் காட்சிக்கு முன்னால் என் பாத்திரத்துக்கு என்ன தெரியும், என்ன தெரியாது என்று ஒவ்வொரு தாளின் தலையிலும் குறித்துக்கொள்ளாவிட்டால் குழப்பம் நிச்சயம்.

எழுதிக்கொண்டே போவதில் ஆபத்தும் உண்டு. கிராஸி முதன்முதலாகக் கதாநாயகியான 'நெகோசியோ டா ஷீனா' (2008) தொடரில் நாயகன் ஃபாபியோ அசுன்சாவ் உடல்நலக் காரணத்தால் பாதியில் விலகினார். நாயகன் இல்லாமல் காதல் கதையைத் திருப்பி எழுத வேண்டியதாயிற்று. புதிதாக வந்த கதாநாயகிக்கு அதைவிடக் கடினமான பாடம் அமையாது. 2013-ல் 'ஃப்ளோர் டோ கரீபி' தொடரில் மறுபடி நாயகியாக வந்தபோது அவரிடம் நிதானம் கூடியிருந்தது.

கேள்வி: சர்வதேச எம்மி என்ற தொலைக்காட்சி விருதுக்கு இவர் பெயர் போனது எந்த வேடத்துக்காக?

பதில்: 'வெர்தாதெஸ் செக்ரெட்டாஸ்', 2015. வால்சீர் கராஸ்கோ எழுதியது, இரவு 11 மணி வரிசையில் 64 அத்தியாயங்கள். சாவ் பாவுலோவில் ஒரு மாடலிங் ஏஜென்சி; வெளியே ஃபேஷன் ஷோ, உள்ளே பணக்கார வாடிக்கையாளர்களுக்குப் பெண்களை அனுப்பும் ரகசிய ஆல்பம். கிராஸி ஏற்ற லாரிசா அங்கே வேலை செய்யும் மாடல், வாய்ப்புகள் குறையத் தொடங்கிய வயதில் இருப்பவள். கிராக் என்ற போதைப்பொருளில் விழுந்து, சாவ் பாவுலோ நகரின் நடுவே 'கிராக்கோலாண்டியா' என்று அழைக்கப்படும் பகுதியின் நடைபாதைக்கு வந்து சேருகிறாள்.

இந்தப் பாத்திரத்தின் சிறப்பு அதன் படிப்படியான சரிவு. தொடக்கத்தில் லாரிசா நடப்பதும் நிற்பதும் அசல் மாடல் மாதிரி. அங்கே கிராஸியின் பழைய தொழில் கைகொடுத்தது. போகப்போக தோள் குறுகுகிறது, பார்வை ஓரிடத்தில் நிற்பதில்லை, வாக்கியங்கள் பாதியில் உடைகின்றன. கடைசியில் அந்தப் பழைய நடையின் மிச்சம் மட்டும் அழுக்கு உடம்பில் தெரிகிறது. அழகாகத் தெரிய வேண்டும் என்ற பழக்கத்தை முழுவதும் விட்டால்தான் இது முடியும். 2005 முதல் 2015 வரை பத்து ஆண்டு உழைப்பு அதில் இருக்கிறது. அதை மேக்கப்பின் வெற்றி என்று எழுதியவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. 2016 சர்வதேச எம்மியில் சிறந்த நடிகை விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். விருது ஜெர்மனியின் கிறிஸ்டியானே பாலுக்குப் போனது. சிறந்த டெலிநோவெலாவுக்கான (நெடுந்தொடர்) விருதை 'வெர்தாதெஸ் செக்ரெட்டாஸ்' பெற்றது.

கேள்வி: அந்தத் தொடரில் காட்டிய அளவுக்கா பிரேசில் மாடலிங் உலகம் மோசம்?

பதில்: கதை கற்பனை. உண்மையான ஆபத்து பெரும்பாலும் கணக்குப் புத்தகத்தில் தொடங்குகிறது. முறையான ஏஜென்சி, கிடைக்கும் வேலையிலிருந்து கமிஷன் எடுக்கும். சேரும்போதே பெரிய தொகை கேட்காது. புகைப்பட ஆல்பத்துக்குப் பணம் கட்டு, எங்கள் புகைப்படக்காரரிடம்தான் எடுக்க வேண்டும் என்று வற்புறுத்தினால் அவர்கள் தொழிலே ஆல்பம் விற்பதுதான். சின்ன ஊரிலிருந்து சாவ் பாவுலோ வரும் பெண்ணுக்கு டிக்கெட், தங்குமிடம், படங்கள் எல்லாவற்றையும் ஏஜென்சி முன்பணமாகத் தரும். சம்பளம் வரும்போது கமிஷனும் முன்பணமும் கழிந்து கையில் ஒன்றும் மிஞ்சாது. கடன் ஏற ஏற, எந்த வேலையையும் மறுக்கும் தைரியம் குறையும். ஒப்பந்தத்தில் எதெல்லாம் முன்பணம், எந்த வேலையிலிருந்து எவ்வளவு கழிப்பார்கள், விலகினால் பாக்கி யார் தலையில் என்ற மூன்றையும் எழுத்தில் வாங்காமல் கையெழுத்துப் போடக் கூடாது.

உடம்பும் விலை கொடுத்திருக்கிறது. 2006 நவம்பரில் அனா கரோலினா ரெஸ்டன் என்ற 21 வயது மாடல், உணவை மறுக்கும் அனோரெக்ஸியா நோயின் பின்விளைவால் சாவ் பாவுலோவில் இறந்தார். அதன் பிறகுதான் 2007 ஜனவரி முதல் சாவ் பாவுலோ ஃபேஷன் வீக்கில் 16 வயதுக்குக் கீழ் மேடையேறக் கூடாது, மருத்துவச் சான்று வேண்டும் என்ற விதிகள் வந்தன. ஓர் உயிர் போன பிறகு வந்ததே என்ற ஆற்றாமை இன்னும் இருக்கிறது.

கேள்வி: பிரேசிலில் யார் வேண்டுமானாலும் நடிகை ஆகலாமா?

பதில்: பதிவு வேண்டும். 1978-ன் 6533-ஆம் எண் சட்டப்படி தொழில்முறை நடிகர்கள் தொழிலாளர் துறையில் பதிவு செய்ய வேண்டும். அங்கீகரிக்கப்பட்ட பயிற்சியை முடித்த சான்றிதழ், அல்லது கலைஞர் சங்கம் தரும் தகுதிச் சான்று இதற்கு அடிப்படை. 16 வயதுக்கு உட்பட்டவர் என்றால் நீதிமன்ற அனுமதியும் தேவை.

கேள்வி: மாடலிங்கிலிருந்து வந்த எல்லாரும் இவரைப்போல் ஜெயித்தார்களா?

பதில்: வழிகள் வேறு வேறு. வேரா ஃபிஷர் 1969-ன் மிஸ் பிரேசில். சினிமா வழியாக வந்து குளோபோவின் பெரிய நட்சத்திரமானார். கமிலா கெய்ரோஸ் வெளிநாடுகளில் மாடலாக இருந்தவர். அதே 'வெர்தாதெஸ் செக்ரெட்டாஸ்' நாயகி வேடம்தான் அவருக்கு முதல் நடிப்பு. கிசெல் புண்ட்சென் உலகின் உச்ச மாடல். 2004-ல் ஹாலிவுட்டின் 'டாக்ஸி'யில் வங்கிக் கொள்ளைக்காரியாக வந்தார், நடிப்பைத் தொழிலாக்கிக்கொள்ளவில்லை. கறுப்பினப் பெண்களுக்கு இந்தக் கதவு வெகுகாலம் மூடியே இருந்தது. தாயிஸ் அராவுஜோ 2004-ல்தான் குளோபோவின் முதல் கறுப்பின நாயகியானார். 2009-ல் இரவு 9 மணித் தொடரில் அவர் ஏற்ற வேடம் ஒரு டாப் மாடல். அதே 2009-ல் சாவ் பாவுலோ ஃபேஷன் வீக், அரசு வழக்குரைஞர் அலுவலகத்தோடு செய்த உடன்பாட்டில் மேடையேறும் மாடல்களில் 10 சதவீதம் பேர் கறுப்பினத்தவராகவோ பழங்குடியினராகவோ இருக்க ஒப்புக்கொண்டது. எவ்வளவு தாமதம் பாருங்கள்.

கேள்வி: கிராஸியைப் பார்க்க எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: 'போம் சுசெசோ'விலிருந்து (2019). பரிசோதனை முடிவுகள் மாறிப்போனதால் தான் சாகப்போவதாக நம்பும் தையல்காரி பலோமா, உண்மையில் சாகும் தறுவாயிலிருக்கும் பதிப்பக அதிபர் (அன்டோனியோ ஃபகுண்டெஸ்), இருவருக்கும் வளரும் நட்பு. லாரிசாவுக்கு நேர் எதிரான வெளிச்சமான வேடம். குளோபோவின் நிரந்தர ஒப்பந்தத்திலிருந்து வெளியே வந்த பின், 19-ஆம் நூற்றாண்டு மினாஸ் ஜெராய்ஸ் மாநிலத்தில் வாழ்ந்த டோனா பெஜா என்ற பெண்ணின் கதையைச் சொல்லும் தொடரில், அதே கதையின் 1986 தொடரில் மயிடே புரோயென்சா நடித்த வேடத்தை ஏற்றார். 2025-ல் 'ட்ரெஸ் கிராசாஸ்' தொடரில் வில்லியாக மறுபடி குளோபோவுக்கு வந்தார்.