57% 'ஆம்' விழுந்தும் புளோரிடாவில் ஏன் தோற்றது?

அமெரிக்காவில் மிசோரி மாநிலத்தில் ஜெயித்த கருக்கலைப்பு உரிமைத் திருத்தம், புளோரிடா மாநிலத்தில் 57% வாங்கியும் தோற்றதே, வாக்கு எண்ணிக்கையில் தவறா என்று கேட்டிருந்தீர்கள். தவறு இல்லை. புளோரிடாவில் மாநில அரசியல் சட்டத் திருத்தம் மக்கள் வாக்கெடுப்பில் நிறைவேற 60% வேண்டும். 2024 நவம்பரில் கருக்கலைப்பு உரிமைக்கான 4ஆம் திருத்தம் ஏறக்குறைய 57% வாங்கியும் தோற்றது, அதனால்தான் அந்த ஆண்டு மே 1 முதல் நடப்பில் இருந்த தடை, அதாவது கர்ப்பத்தின் ஆறு வாரத்துக்குப் பிறகு கருக்கலைப்பு கூடாது என்ற சட்டம், அப்படியே நிற்கிறது.

நீங்கள் மிசோரியோடு ஒப்பிட்டதால் குழம்பியிருக்கலாம். அங்கே பாதிக்கு மேல் ஒரு ஓட்டு கூடினாலே போதும், அதே நாளில் அங்கே கருக்கலைப்பு உரிமைத் திருத்தம் சுமார் 52% வாங்கி ஜெயித்துவிட்டது. புளோரிடாவின் 60% விதி 2006இல் வந்தது, அதுவும் மக்கள் வாக்கெடுப்பில்தான். அந்த விதிக்கே அன்று கிடைத்தது 58%க்கும் குறைவு! இன்று அந்தக் கணக்கில் அதுவே தோற்றிருக்கும், எனக்கு இது இன்னும் உறுத்துகிறது.

சந்தேகம் இருந்தால் புளோரிடா அரசியல் சட்டத்தில் 11ஆம் பிரிவு, 5ஆம் உட்பிரிவின் கடைசிப் பகுதியைப் பாருங்கள். 'அந்தத் தீர்மானத்தில் வாக்களித்தவர்களில்' 60% என்று இருக்கும். ஓட்டுச்சீட்டில் அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டவர்கள் கணக்கில் வரமாட்டார்கள்.

அப்புறம் ஒன்று, ஜெயித்தாலும் முடிந்துவிடாது. மிசோரியில் வாக்கெடுப்புக்குப் பிறகும் பழைய கட்டுப்பாடுகள் மீது வழக்குகள் நடந்தன, 2025இல் சட்டமன்றமே அந்தத் திருத்தத்தை நீக்கும் இன்னொரு திருத்தத்தை மக்கள் முன் வைக்க முடிவெடுத்தது. அதனால் ஒரு மாநிலத்தின் முடிவைப் பார்க்கும்போது சதவீதத்தோடு நின்றுவிடாதீர்கள், இன்றைக்கு அங்கே எந்தச் சட்டம் நடப்பில் இருக்கிறது என்பதையும் தேதியோடு பாருங்கள்.